குமாரபாளையத்தில் என் மைக்குக்கு வேலையில்லை

நான் சேலத்துக்குப் போகிறேன் என்றதும் மலேசியாவின் ஈப்போவில் என் தங்கை, "ஏற்காடு சுற்றிப் பார்க்கவா?" என்றாள். என் கணவர், "மாம்பழம் வாங்கவா?" என்றார். இரண்டும் இல்லை, ஒரு மகன் தன் அம்மாவிடம் ஒரு விஷயம் சொல்லப்போகிறார், அதற்கு மைக் வைக்கப் போகிறேன் என்றேன். இதற்கு விமானம் ஏறி வேறு போக வேண்டுமா என்பதுபோல் இருவரும் என்னைப் பார்த்தார்கள்.

நான் மேடை நிகழ்ச்சிகளுக்கு ஒலி அமைப்பவள். போன வருஷம் கோலாலம்பூரில் நந்தா என்ற கலைஞரின் நிகழ்ச்சிக்கு நான்தான் ஒலி. சுவரொட்டியில் அவர் பெயருக்குக் கீழே ‘பல்துறைக் கலைஞர்’ என்று போட்டிருந்தது. ஒரு துறையும் உருப்படியாகத் தெரியாதவர்கள்தான் இப்படிப் போட்டுக்கொள்வார்கள் என்பது என் அனுபவம். மனிதர் மேடையிலேயே ஒரு வெள்ளைச் சேலைக்குச் சாயம் தோய்த்தார், அதைத் திரையாகக் கட்டி அதன்மேல் வீடியோ ஓட்டினார், திரைக்குப் பின்னால் நின்று பாடினார், கடைசியில் அதே சேலையை ஈரத்தோடு உடுத்திக்கொண்டு ஆடினார். நான் வாயைப் பிளந்து பார்த்ததில் ஓர் இடத்தில் ஒலியைக் கூட்டவே மறந்துவிட்டேன்.

நந்தா ஆணை நேசிக்கும் ஆண். குமாரபாளையத்தில் ஒரு விசைத்தறிப் பட்டறையில் தறி ஓட்டிக்கொண்டிருந்த பதினேழு வயதில், கூட வேலை செய்த பையன்மேல் அவருக்கு ஆசை வந்தது. அவர் செய்வதெல்லாம் அந்த ஒரே ஞாபகம்தான், ஒரு சமயம் பாட்டாக, ஒரு சமயம் படமாக, ஒரு சமயம் ஆட்டமாக. நிகழ்ச்சி முடிந்து, எங்கள் ஊர் நுரை டீயான தே தாரேக் குடித்துக்கொண்டிருந்தபோது சொன்னார்: "எந்தெந்த நாட்டுலயோ சொல்லிட்டனுங்க அக்கா. எங்கம்மாகிட்ட மட்டும் சொல்லல."

அம்மா இன்னமும் அதே பட்டறையில் தறி ஓட்டுகிறார். மகன் ஆடுவதை ஒருமுறைகூடப் பார்த்ததில்லை. எந்த ஊர் அரங்கத்துக்குக் கூப்பிட்டாலும், "தறிய உட்டுப்போட்டு எங்கடா வாரது" என்பதுதான் பதில். அம்மா அரங்கத்துக்கு வரமாட்டார் என்றால் அரங்கத்தை அம்மாவிடம் கொண்டுபோய்விடுவது என்று நந்தா முடிவு செய்தார். மாதத்தில் ஒரு நாள் அந்த வட்டாரத்தில் பராமரிப்பு வேலைக்காகப் பகல் முழுக்க மின்சாரத்தை நிறுத்துவார்களாம். ஷட்டவுன் என்கிறார்கள். அன்று தறி ஓடாது. ஆனால் கரண்ட் எந்த நேரமும் திரும்பி வந்துவிடலாம் என்று எல்லோரும் பட்டறையிலேயே உட்கார்ந்திருப்பார்கள். சத்தமில்லாத பட்டறை, எழுந்து போக முடியாத அம்மா, இதைவிட நல்ல அரங்கம் எனக்குக் கிடைக்காது என்றார். பேட்டரியில் ஓடும் ஒலிபெருக்கிகள் அவர் பொறுப்பு, மைக்குகள் என் பொறுப்பு.

முதல் நாள் சேலத்தில், அஸ்தம்பட்டியில் தங்கினேன். எங்கள் ஊரில் சிக்னலில் பச்சை மனிதன் எரிகிறவரை சாலையோரம் நிற்போம். அந்தப் பழக்கத்தில் நானும் நின்றேன், நின்றேன், ஸ்கூட்டர்கள் வந்துகொண்டே இருந்தன. காய்கறிப் பையோடு ஓர் அம்மாள் வந்து, "நின்னுக்கிட்டே இருந்தா சாயங்காலம் வரைக்கும் நிக்க வேண்டியதுதாங்க, எங்கூட வாங்க" என்று என் மணிக்கட்டைப் பிடித்து இழுத்தார். இன்னொரு கையை லேசாக உயர்த்தினார், அவ்வளவுதான். அத்தனை வண்டியும் எங்களைச் சுற்றிக்கொண்டு போயின. அடேயப்பா என்று வாய்விட்டே சொல்லிவிட்டேன்.

சாலையைக் கடந்து வந்த பலன் தட்டுவடை செட்டு. எங்கள் வீட்டில் தட்டை என்றால் தீபாவளிக்கு டின்னிலிருந்து எடுத்து விருந்தாளிக்கு இரண்டு வைப்பது. இங்கே இரண்டு குட்டித் தட்டைகளுக்கு நடுவே துருவிய பீட்ரூட், கேரட், வெங்காயம், இரண்டு நிறச் சட்னி எல்லாம் வைத்து மூடிக் கொடுக்கிறார்கள். மொத்தமாக வாயில் போட்டுக்கொள்ள வேண்டும். நான் நாகரிகமாகக் கடிக்கப் பார்த்தேன், பாதி என் சட்டையில். "காரம் தூக்கலாப் போடலாங்களா?" என்று கடைக்காரர் கேட்டபோது, மலேசிய மிளகாய் தின்று வளர்ந்தவள் என்ற திமிரில் போடுங்கள் என்றேன். கண்ணில் தண்ணீர் கொட்டியது. "அழுவாதீங்க, எல்லாரும் மொத தடவ இப்படித்தான்" என்றார் அவர், ஏதோ துக்கம் விசாரிக்கிற குரலில். இன்னும் இரண்டு செட்டு தின்றுவிட்டுத்தான் அறைக்குப் போனேன்.

மறுநாள் பேருந்து. ஏறும்போது நடத்துனர் தொண்டை கிழிய குமாரபாளையம் என்று கூவினார், என் காதே சாட்சி. ஒரு மணி நேரம் போனதும், நெடுஞ்சாலையில், சுற்றிலும் வீடு வாசல் இல்லாத ஓர் இடத்தில் விசில் ஊதி, "குமாரபாளையம் எறங்குங்க" என்றார்.

"ஊர் எங்கேங்க?" என்றேன்.

"ஊருக்குள்ள போவாதுங்க, பைபாஸ்ல எறங்கிக்கோணும்."

"குமாரபாளையம் என்றுதானே கூவினீர்கள்?"

"பைபாஸும் குமாரபாளையந்தானுங்க" என்று அவர் சிரித்துக்கொண்டே என் பெட்டியை இறக்கி வைத்தார். இதற்கு மேல் என்ன சொல்ல முடியும்? கண்ணாடிச் சாமான்போல் நான் பொத்திப் பொத்திக் கொண்டுவந்த மைக்குகள் லாரிப் புழுதி தின்றுகொண்டு நின்றன, பக்கத்தில் நான்.

ஆட்டோ ஊருக்குள் நுழைந்ததும் மழை வருகிறதா என்று வெளியே தலையை நீட்டினேன். எங்கள் ஊரில் தகரக் கூரைமேல் மழை கொட்டும்போது கேட்கிற அதே இரைச்சல். வானமோ வெளுத்துக் கிடந்தது. "தறிங்க" என்றார் ஆட்டோக்காரர். தெருவுக்குத் தெரு, வீட்டுக்கு வீடு, ஒவ்வொரு சந்துக்கும் ஒவ்வொரு சுருதியில் தறி. என் தொழிலே சத்தம், ஆனால் ஓர் ஊரே இப்படி ஒரு சத்தத்தை உடுத்திக்கொண்டு நிற்பதை நான் பார்த்ததில்லை. உடம்பெல்லாம் சிலிர்த்துவிட்டது.

நந்தாவின் அம்மா ருக்குமணி வாசலுக்கே வந்துவிட்டார். ஒடிசலான உடம்பு, கணீர்க் குரல். "வாங்க சாமி, உள்ள வாங்க, வெயில்ல வந்திருக்கறீங்க" என்றார். இந்தப் பக்கம் பெரியவர், சின்னவர் எல்லோரும் சாமிதான். என்னை யாரும் இதுவரை சாமி என்று கூப்பிட்டதில்லை என்பதால் கூச்சமாகவும் இருந்தது, பிடித்தும் இருந்தது. அரிசியும் பருப்பும் சேர்த்து வேகவைத்த அரிசிம்பருப்புச் சோறு, மேலே நெய், தொட்டுக்கொள்ள அப்பளம். "இன்னொரு கரண்டி வெக்கட்டுங்களா?" என்று கேட்பார், பதில் வருவதற்குள் வைத்துவிடுவார். பேசும்போது அவர் என் கண்ணைப் பார்க்கவில்லை, வாயையே பார்த்துக்கொண்டிருந்தார். பல்லில் ஏதும் ஒட்டியிருக்கிறதோ என்று நான் இரண்டு முறை நாக்கால் துழாவிக்கொண்டேன்.

"உங்கள் மகன் எங்கள் ஊரில் ஆடியபோது எல்லோரும் எழுந்து நின்று கை தட்டினார்கள்" என்றேன்.

"ஆடறானாமுங்க. நானு ஒண்ணும் கேக்கறதில்லீங்க, அவனும் ஒண்ணும் சொல்றதில்ல" என்றார் அவர், மகன் பக்கம் திரும்பாமலே. நந்தா சோற்றை உருட்டிக்கொண்டே இருந்தார், வாய்க்குள் ஒன்றும் போகவில்லை.

மாலையில் காவிரிப் பாலத்தில் நடந்தோம். அக்கரை பவானி. அம்மா என் வாயைப் பார்த்த கதையைச் சொன்னதும் நந்தா விழுந்து விழுந்து சிரித்தார். தறி ஓடும்போது பக்கத்தில் நின்று கத்தினாலும் கேட்காதாம். அதனால் பட்டறையில் எல்லோரும் உதட்டை அசைத்தும் கையைக் காட்டியும்தான் பேசுவார்களாம். இரண்டு விரலைச் சொடுக்கிப் பிரித்தால் இழை அறுந்துவிட்டது. மீசையை முறுக்கினால் முதலாளி வருகிறார். அறையின் இந்த முனையிலிருந்து அந்த முனைக்குக் குடும்பக் கதையே பேசிவிடுவார்களாம்.

"நானும் அவனும் அப்படித்தான் பேசிக்குவமுங்க. அவனுக்கு அந்தக் கடைசித் தறி, எனக்கு இந்தக் கடைசி. எல்லாரும் அவங்கவங்க துணியப் பாத்துக்கிட்டு இருக்கறாங்க, யாரு நம்ம வாயப் பாக்கப்போறாங்கன்னு ஒரு நெனப்பு. ஒரு நாளு அம்மா தறிய உட்டுட்டு எந்திரிச்சு வந்தாங்க. மொகத்தப் பாத்தனுங்க, அவ்வளவுதான், தலையக் குனிஞ்சுக்கிட்டேன். அன்னையோட பேச்சு நின்னுபோச்சு. கொஞ்ச நாள்ல அவன் திருப்பூரு போயிட்டான், நான் சென்னைக்குப் போயிட்டேன். அம்மா என்னத்தப் படிச்சாங்க, படிக்கவே இல்லையா, இன்னைக்கு வரைக்கும் தெரியாதுங்க அக்கா."

பாலத்தின் பாதியில் நந்தா நின்றுவிட்டார். பிறகு, "நாளைக்குக் கேட்டுட்டு, இனிமே ஊட்டுப் பக்கம் வராதேன்னு சொல்லிட்டாங்கன்னா?" என்றார். அத்தனை மேடை ஏறிய மனிதரின் குரல் நடுங்கியது. சொல்ல மாட்டார் என்று சொல்ல நான் யார்? அவருடைய முதுகைத் தட்டிக்கொடுத்தேன்.

மூன்றாம் நாள் காலை. ஒலிபெருக்கிகளை மூலைக்கொன்றாக வைத்தோம். தறிகளுக்கு நடுவே கண்ணுக்குத் தெரியாமல் மைக்குகளை மாட்டினேன். கரண்ட் போக வேண்டிய நேரம் வந்தது. போகவில்லை. இன்னும் கொஞ்சம் பார்ப்போம் என்றார்கள். தறிகள் தம் பாட்டுக்கு ஓடிக்கொண்டிருந்தன. பட்டறை முதலாளி கைபேசியோடு வெளியே வந்தார். பழைய முதலாளியின் மகன், நந்தா வயதுதான் இருக்கும்.

"பரீட்சை நடக்குதுன்னு இந்த மாசம் ஷட்டவுனத் தள்ளி வெச்சுட்டாங்களாமுங்க" என்றார்.

"ஒரு அரை மணி நேரம் தறியை நிறுத்த முடியாதுங்களா?" என்று நான் கெஞ்சினேன்.

"சாயங்காலம் லாரி வருதுங்க. ஆர்டர் பாதியில நிக்குது. நீங்க நடுவுல நின்னு என்ன வேணா பண்ணிக்குங்க, நான் ஒண்ணும் சொல்லமாட்டேன். தறி மட்டும் நிக்காதுங்க."

ஞாயிற்றுக்கிழமை பட்டறைக்கு லீவு, யாரும் எட்டிக்கூடப் பார்க்க மாட்டார்கள். அடுத்த ஷட்டவுனுக்கு ஒரு மாதம் காத்திருக்க வேண்டும். நான் உள்ளே போய்க் காதில் ஹெட்போனை மாட்டிப் பார்த்தேன். சத்தத்தைக் காட்டுகிற ஊசி சிவப்புக்குப் போய் ஒட்டிக்கொண்டது, கீழே இறங்கவே இல்லை. மைக்கில் நந்தா என்ன, யானையே பிளிறினாலும் கேட்காது. இவ்வளவு தூரம் இதற்கா வந்தோம் என்று எனக்கு அழுகை அழுகையாக வந்தது. நந்தா பாதி மை தீட்டிய கண்ணோடு வாசற்படியில் உட்கார்ந்திருந்தார். லுங்கி கட்டி, சட்டைக்கு மேலே சாயம் தோயாத வெள்ளைச் சேலை ஒன்றைத் துண்டுபோல் போட்டிருந்தார்.

திடீரென்று எழுந்தார். சட்டையில் குத்தியிருந்த மைக்கைக் கழற்றி என் கையில் வைத்து மூடினார். "இது வேண்டாங்க அக்கா" என்று உள்ளே போய்விட்டார்.

வாசலை ஒட்டிய தறி செல்வி என்பவருடையது. என் வயதுதான், வாய் நிறைய வெற்றிலை. நான் திருதிருவென்று முழிப்பதைப் பார்த்து, கையைச் சொடுக்கிப் பக்கத்தில் கூப்பிட்டார். என் காதோடு வாயை வைத்து, "நான் சொல்றேன், நீங்க பாருங்க" என்று கத்தினார். தமிழை எனக்குத் தமிழில் சொல்ல ஆள் வேண்டியதாயிற்று.

இரண்டு வரிசைத் தறிகளுக்கு நடுவே ஒரு சந்து, அதன் நடுப்பகுதியைப் பார்த்தபடி பக்கச் சுவரோரம் முதலாளியின் மேசை. நந்தா சந்தின் இந்த முனையில் நின்றார். உடம்பு சட்டென்று பையனுடைய உடம்பாகிவிட்டது. உதடு அசைந்தது.

"‘சாப்புட்டியா’ங்கறான்" என்றார் செல்வி.

அந்த முனைக்கு ஓடினார். இப்போது வேறு பையன், கொஞ்சம் தடித்தவன், சோம்பேறி.

"‘எங்க, டிப்பனத் தொறந்தா பழைய சோறு’ங்கறான்." பட்டறை முழுக்கத் தோள்கள் குலுங்கின. சிரிப்புச் சத்தம் ஒன்றும் கேட்கவில்லை. எல்லோருடைய கையும் தறியில், கண் துணிக்கும் நந்தாவுக்குமாக ஓடிக்கொண்டிருந்தது. நானே பார்த்த நிகழ்ச்சிதான். ஆனால் கோலாலம்பூரில் பாட்டு, வீடியோ, சாயம் எல்லாம் வேண்டியிருந்தது. இங்கே ஓர் உதடும் பத்து விரலும்தான், ஒருவர் விடாமல் அவர் கைக்குள் இருந்தார்கள்.

"‘ஆத்துக்கு வாரியா’ங்கறான். ‘யாராச்சும் பாத்தா’ங்கறான். ‘பாத்தா என்ன, மீன் புடிக்கறோம்னு சொல்லிக்கலாம்.’" பிறகு செல்வி நிறுத்திவிட்டார். நான் அவர் கையைப் பிடித்து உலுக்கினேன். "‘உன்னைய நெனச்சா எனக்குத் தூக்கமே வாரதில்லடா’ன்னு சொல்றானுங்க" என்றார். குரல் இறங்கியிருந்தது, காதை அவர் வாயோடு ஒட்டி வைத்துத்தான் கேட்டேன்.

யாரும் சிரிக்கவில்லை. எல்லோரும் ருக்குமணி அம்மாவைப் பார்த்தார்கள். வரிசையின் நடுவே அவர் அறுந்த இழைக்கு முடிச்சுப் போட்டுக்கொண்டிருந்தார். நிமிரவில்லை. மேசையருகே முதலாளி எழுந்து நின்றுவிட்டார். அவரும் பட்டறைக்குள் வளர்ந்தவர்தானே, ஒன்று விடாமல் படித்திருப்பார்.

நந்தா சந்தின் நடுவுக்கு வந்தார். வெள்ளைச் சேலையை முந்தானையாக இழுத்துச் செருகினார். இப்போது அவர் அம்மா. இரண்டு கையையும் இடுப்பில் வைத்து, பையன்கள் நின்ற முனைகளை மாறி மாறி, கண் இமைக்காமல் முறைத்தார். பிறகு அந்த முந்தானையை உருவித் தன் வாயைச் சுற்றிக் கட்டிக்கொண்டார், ஒரு சுற்று, இன்னொரு சுற்று. கோலாலம்பூரில் நிகழ்ச்சி இந்த இடத்தில்தான் முடிந்தது.

வரிசையின் நடுவே ஒரு தறி நின்றது.

ருக்குமணி அம்மா சேலையில் கையைத் துடைத்துக்கொண்டு சந்துக்குள் வந்தார். நந்தா தலையைக் குனிந்துகொண்டார். அடிக்கப்போகிறார் என்றே நினைத்தேன். அவர் மகனின் இரண்டு தோளையும் பிடித்தார். அப்படியே, மேசையை நகர்த்துவதுபோல், அவரைத் திருப்பி வைத்தார். இப்போது நந்தாவின் முதுகு பையன்கள் பேசிக்கொண்ட சந்துப் பக்கம், முகம் முதலாளியின் மேசைப் பக்கம். வாயில் கட்டியிருந்த சேலையை அவிழ்த்துவிட்டு, மகன் முகத்துக்கு நேராக உதட்டை அசைத்தார்.

செல்வி என் காதைப் பிடித்து இழுத்தார். அவருக்கு மூக்கு ஒழுகிக்கொண்டிருந்தது. "‘தப்பா நிக்கறடா. நான் இப்படித்தான் நின்னேன். உங்களப் பாக்கல. பெரிய மொதலாளி உங்க வாயப் படிச்சறக் கூடாதுன்னு மறச்சுக்கிட்டு நின்னேன்’னு சொல்றாங்க."

நந்தா ஏதோ கேட்டார். என்ன கேட்டார் என்று செல்வி சொல்லவில்லை, பதிலைத்தான் சொன்னார்.

"‘அன்னைக்கு மட்டுமாடா? அப்புறமும் எத்தனையோ நாளு வந்து நின்னேன். நீங்கதான் பேசவே இல்லையே, சாமி.’"

நந்தா அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார். பஞ்சுத் தூசியில் முகத்தை வைத்து அழுதார். தறிகள் ஓடிக்கொண்டிருந்தன. நானும் அழுதேன், வெட்கமே படவில்லை. ஒரு பட்டறையில் ஓர் அம்மா நாள் தவறாமல் எழுந்து வந்து, இரண்டு பையன்கள் பேசிக்கொள்ளட்டும் என்று முதுகைக் காட்டி நின்றிருக்கிறார். அந்தப் பையன்கள் நிமிர்ந்துகூடப் பார்க்காமல் அந்த முதுகுக்குப் பயந்து வாயைத் திறக்காமல் இருந்திருக்கிறார்கள். இதை நினைக்க நினைக்க எனக்கு ஆறவில்லை.

அம்மா அவரைக் கைகொடுத்துத் தூக்கினார். தூசியைத் தட்டிவிட்டார். "‘போயி உன் எடத்துல நில்லு’ங்கறாங்க" என்றார் செல்வி. நந்தா இந்த முனைக்கு வந்து நின்றார். அம்மா சந்தின் நடுவில், ஓரமாக ஒதுங்கி, மகனுக்கு முதுகைக் காட்டி, இடுப்பில் கையை வைத்துக்கொண்டு முதலாளியைப் பார்த்து நின்றார். முதலாளி கொஞ்ச நேரம் அவரையே பார்த்தார். பிறகு நாற்காலியைத் திருப்பிப் போட்டுச் சுவரைப் பார்த்து உட்கார்ந்துகொண்டார்.

அந்த முனையில் யாரும் இல்லை. நந்தா அந்த வெற்றிடத்தைப் பார்த்தார். உதடு துடித்தது, இன்னும் சொல் வரவில்லை. அப்போது நான் பார்த்தது என் கண்ணைவிட்டுப் போகாது. ஒவ்வொருவராக, இந்த வரிசையிலும் அந்த வரிசையிலும், எல்லோரும் முகத்தைத் தங்கள் துணிப் பக்கம் திருப்பிக்கொண்டார்கள். யாரும் யாருக்கும் சைகை காட்டவில்லை. செல்வியும் திரும்பிக்கொண்டார். நான் என்ன செய்வது என்று அவர் தோளைத் தொட்டுக் காதைக் கொடுத்தேன்.

"நீங்க பாருங்க, உங்களுக்குத்தான் வாயப் படிக்கத் தெரியாதே" என்று கத்தினார், துணியிலிருந்து கண்ணை எடுக்காமல்.

நந்தா பேச ஆரம்பித்தார். அத்தனை பேர் இருந்த பட்டறையில் அவரைப் பார்த்துக்கொண்டு நின்றவள் நான் ஒருத்திதான், எனக்கோ ஒரு சொல்லும் புரியவில்லை. ரொம்ப நேரம் பேசினார். அவர் பேசி முடிக்கிறவரை அம்மா திரும்பவே இல்லை.